தனிச் சுருளில் பேசிய படம்

பேசும் படம் என்றதும் 1927-ல் அமெரிக்காவில் வெளியான 'ஜாஸ் சிங்கர்' பலருக்கும் நினைவுக்கு வரும். அதற்கு நான்கு ஆண்டுகள் முன்பே, 1923-ல், டென்மார்க்கின் தலைநகரான கோபன்ஹேகனில், பாலட்ஸ் தியேட்டரில் ஒலியோடு படம் காட்டிய இரு பொறியாளர்களை நம்மில் எத்தனை பேர் அறிவோம்? ஆக்ஸல் பீட்டர்சன், ஆர்னால்ட் பௌல்சன் என்பவர்களே அவர்கள். பயணிக்கு டிரைவரையே தெரியாது. ஷெட்டில் இன்ஜினைப் பிரித்து மாட்டியவனை எங்கே தெரியப் போகிறது? ரயில்வேயில் லோகோ ஷெட்டில் காலம் கழித்த எனக்கு இது புதிதல்ல.

ஜெர்மனியிலும் அமெரிக்காவிலும் வேறு சிலர் இதே முயற்சியில் இருந்த காலம் அது. இவ்விருவரும் 1918-ல் ஒரு கம்பெனி தொடங்கிப் பாடுபட்டனர். பேச்சை மைக் மின்சாரமாக்கும். அந்த மின்சாரம் ஒரு ஒளிக்கதிரை ஆட்டுவிக்கும். ஆடும் ஒளி பிலிமில் பதியும். திரையிடும்போது அந்தப் பதிவின் வழியே ஒளியைச் செலுத்தி, மறுபடி மின்சாரமாக்கி, ஒலிபெருக்கிக்கு அனுப்பினார்கள்.

இதில் அவர்களுக்கென்று ஒரு தனி வழி இருந்தது. படத்துக்கு ஒரு சுருள், ஒலிக்கு இன்னொரு சுருள். ஒலிக்கு இடம் தாராளமாகக் கிடைத்தது. ஆனால் இரண்டு சுருளும் இம்மி பிசகாமல் சேர்ந்து ஓட வேண்டும். இரட்டை இன்ஜின் பூட்டிய வண்டியில் இரு டிரைவர்களும் ஒத்துப் போகாவிட்டால் என்ன ஆகும் என்று எங்களைக் கேட்டால் சொல்வோம்! படச் சுருள் அறுந்து 12 கட்டங்களை வெட்டி ஒட்டினால், விநாடிக்கு 24 கட்டம் என்ற கணக்கில், உதடு ஒரு பக்கமும் பேச்சு அரை விநாடி தள்ளியும் போய்விடும்.

பிரான்சின் கோமான் நிறுவனம் இம்முறையை எடுத்துக்கொண்டது. டென்மார்க்கில் நார்டிஸ்க் நிறுவனம் 1931-ல் அந்நாட்டின் முதல் முழுநீளப் பேசும் படத்தைத் தயாரித்தது. ஆயினும் தியேட்டர்களில் வென்றது, படத்தின் ஓரத்திலேயே ஒலியையும் பதிக்கும் ஒற்றைச் சுருள் முறைதான். தியேட்டர்காரருக்கு அதுவே சுலபம்.

அப்படியானால் இவர்கள் உழைப்பு வீணா? இல்லை. படம் எடுக்கும் இடத்தில் இன்றும் கேமரா ஒரு பக்கம், ஒலிப்பதிவுக் கருவி மறுபக்கம் எனத் தனித்தனியே பதிவு செய்து, பிறகு இணைப்பதுதான் பரவலான வழக்கம். தியேட்டரில் தோற்ற தத்துவம் ஸ்டுடியோவில் நிலைத்துவிட்டது. அவர்கள் தொடங்கிய கம்பெனியும் மூடப்படவில்லை. இசைத்தட்டின் மேல் ஓடும் முள்ளுக்குப் பெயர்பெற்ற ஆர்ட்டோஃபோன் அதுதான்.

படப்பிடிப்பில் ஒவ்வொரு காட்சிக்கும் முன் ஒருவர் கிளாப் கட்டையைத் தட்டுவதைப் பார்த்திருப்பீர்கள். சடங்கு என்று எண்ணிவிட வேண்டாம். கட்டை சேரும் படமும், 'டக்' என்ற ஒலியும் ஒன்றாகப் பொருந்தும் இடத்தைக் கண்டுபிடித்துத்தான் இரண்டையும் இணைக்கிறார்கள். பேரக்குழந்தைகள் கேட்டால் இதைச் சொல்லுங்கள். அந்த இருவரின் பெயரையும் சேர்த்தே சொல்லுங்கள்.