உறைந்தும் உயிர்விடாத தவளை

அலாஸ்காவின் உட்பகுதிக் காடுகளில், நடுக்குளிர்காலத்தில் பனியை விலக்கிச் சருகுகளைக் கிளறினால், கல்லாய் விறைத்துப்போன தவளை ஒன்று தென்படலாம். அதற்கு மூச்சில்லை, இதயத்துடிப்பில்லை, ரத்தமும் ஓடுவதில்லை. ஆனாலும் அது சாகவில்லை.

வட அமெரிக்காவின் இந்தக் காட்டுத் தவளைக்கு உடல் நீளம் சுமார் 5 செ.மீ. தேரைகள் பனி எட்டாத ஆழத்துக்கு மண்ணைத் தோண்டிப் போய்விடும். இந்தத் தவளையால் அப்படித் தோண்ட முடியாது. சருகுக்கடியில் பதுங்குவதோடு சரி. ஆகவே உறைவது நிச்சயம். உடலில் எங்கே உறைவது என்பதில்தான் அதன் சாமர்த்தியம் இருக்கிறது.

உயிரணுவுக்குள் நீர் உறைந்தால் பனிப் படிகங்கள் அதைச் சிதைத்துவிடும். தோலில் முதல் படிகம் பட்டதுமே, சில நிமிடங்களில் தவளையின் கல்லீரல் தான் சேமித்த கிளைக்கோஜன் எனும் விலங்கு மாவுச்சத்தைக் குளுக்கோஸாக மாற்றத் தொடங்குகிறது. நின்றுபோவதற்குள் இதயம் அந்தச் சர்க்கரையை உறுப்பெங்கும் கொண்டுசேர்க்கிறது. அதன் அளவு வழக்கத்தைவிடப் பல பத்து மடங்கு. மனிதர் எவரும் தாங்க முடியாதது. சர்க்கரை நிறைந்த உயிரணுக்கள் நீரை முழுதும் இழந்து சுருங்குவதில்லை. வறண்ட நாட்களில் உடலில் தேங்கிய யூரியாவும் இதற்குத் துணை நிற்கிறது. பனியோ உயிரணுக்களுக்கு வெளியே, தோலுக்கடியிலும் வயிற்றறையிலும் திரள்கிறது. உடல் நீரில் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு இப்படிக் கட்டியாகிவிடும்.

இந்தத் தாங்குதிறனை வில்லியம் ஷ்மிட் 1982இல் வெளியிட்டார். ஒட்டாவாவின் கார்ல்டன் பல்கலைக்கழகத்தில் கென்னத் ஸ்டோரியும் ஜேனட் ஸ்டோரியும் அதன் வேதியியலைப் பல ஆண்டுகள் ஆராய்ந்தார்கள். 2014இல் வெளியான அலாஸ்கா ஆய்வு இன்னும் வியப்பூட்டியது: இயற்கைச் சூழலில் இத்தவளைகள் ஆறு மாதத்துக்கும் மேல் உறைந்திருந்தன, மைனஸ் 18 டிகிரி செல்சியஸ் வரை தாங்கின. இலையுதிர்காலத்தில் அவை இரவில் உறைந்து பகலில் இளகுகின்றன. ஒவ்வொரு முறையும் சர்க்கரை கூடுகிறது. சோதனைக்கூடத்தில் ஒரே தடவையாக உறையவைத்த, இவ்வளவு தாங்காத தவளைகளுக்கு அந்த ஒத்திகை கிடைக்கவில்லை. தானமாகப் பெற்ற இதயத்தைச் சில மணி நேரமே குளிரில் காக்க முடிகிற மருத்துவர்கள் இத்தவளையைக் கவனிப்பதில் ஆச்சரியமில்லை.

வசந்தத்தில் முதலில் இதயம் துடிக்கிறது, பிறகு மூச்சு வருகிறது, கடைசியில்தான் கால்கள் அசைகின்றன. ஆழத்தில் உறங்கும் தேரைக்கு வெப்பம் எட்ட நாளாகும். மேலாகக் கிடந்த இதுவோ முந்திக்கொள்கிறது. பனி உருகித் தேங்கும் குட்டைகளில் அது முட்டையிடுகிறது; முட்டைகளைத் தின்ன அங்கே மீன்கள் இல்லை. ஆனால் கோடையில் அந்தக் குட்டைகள் வற்றிவிடும். அதற்குள் முட்டை பொரிந்து, தலைப்பிரட்டைகள் கால் முளைத்துக் கரையேறியாக வேண்டும்.