அச்சாரம் கொடுத்தோர் உறங்கலாகாது

கடல் கடந்து வந்து உழைக்கும் நம் குடும்பத்தாருக்கு மண்ணின் மீதுள்ள பற்று சொல்லுந்தரமன்று. பெரார்கஞ்சு வட்டாரத்தில் ஒரு மனை, அன்றேல் தாயகத்தில் ஒரு சிறு வீடு என்னும் ஆசையால், வாயைக் கட்டி வயிற்றைக் கட்டிப் பணம் சேர்ப்போர் பலர். சேர்த்த பணத்தில் அச்சாரம் கொடுத்துக் கிரய ஒப்பந்தம் எழுதி வாங்கியவுடன், சொத்து தமதாகிவிட்டதென்று அவர்கள் நிம்மதி கொள்கின்றனர். அந்த நிம்மதி எத்துணை உறுதியானது என்பதைச் சிறிது ஆராய்வோம். ரயில்வேயில் எழுத்து வேலை பார்க்கும் நாம் சட்ட நிபுணர் அல்லோம்; எனினும் காலம் தவறுவதால் விளையும் நட்டத்தை நன்கு அறிவோம்.

கிரய ஒப்பந்தம் வேறு, கிரயப் பத்திரம் வேறு. ஒப்பந்தம் மட்டுமே சொத்தில் எவ்வித உரிமையையும் உண்டாக்காது என்று 1882ஆம் ஆண்டின் சொத்து மாற்றச் சட்டம் தெளிவாகக் கூறுகிறது. அவ்வாறாயின் ஒப்பந்தத்தினால் பயன் யாது? விற்பதாக எழுதிக் கொடுத்தவர் பின்வாங்கினால், 1963ஆம் ஆண்டின் குறித்த பரிகாரச் சட்டப்படி அவர்மீது வழக்குத் தொடரும் உரிமையை அது தருகிறது. வழக்கில் வென்றவர் தீர்ப்பில் குறித்த தவணைக்குள் பாக்கித் தொகையைக் கட்டிவிட்டால், விற்பவர் கையெழுத்திட மறுத்தாலும், நீதிமன்றமே அவர் சார்பில் பத்திரத்தை நிறைவேற்றித் தரும். ஆனால் இவ்வழக்கைத் தொடர மூன்றாண்டுகளே கெடு. ஒப்பந்தத்தில் தேதி குறித்திருப்பின் அத்தேதியிலிருந்தும், குறியாவிடின் விற்பவர் மறுத்ததை வாங்குபவர் அறிந்த நாளிலிருந்தும் அது கணக்கிடப்படும்.

மூன்றாண்டு இருக்கிறதே என்று வாளாவிருக்கலாமா? மதுரை வீடு ஒன்றைப் பற்றிய வழக்கு இதற்கு விடை கூறும். 1978 டிசம்பரில் 60,000 ரூபாய்க்கு அவ்வீட்டை விற்க ஒப்பந்தம் ஆயிற்று. 5,000 ரூபாய் அச்சாரம். ஆறு மாதம் தவணை. வாங்குபவரோ இரண்டரை ஆண்டுக் காலம் ஒன்றும் செய்யாதிருந்து, 1981இல் வழக்குத் தொடுத்தார். மூன்றாண்டுக் கெடு அப்போது கடக்கவில்லை. ஆயினும் 1997இல் உச்ச நீதிமன்றம் அவருக்கு வீட்டை வழங்க மறுத்துவிட்டது. சிறுதொகையை அச்சாரமாகக் கொடுத்துவிட்டுச் சும்மாயிருந்தவர், இடையே விலை பன்மடங்கு ஏறிய பின் பழைய விலைக்குக் கேட்பது நியாயமாகாது என்பதே அத்தீர்ப்பின் சாரம்.

2018ஆம் ஆண்டின் திருத்தம் வாங்குபவர் கையை ஓரளவு வலுப்படுத்தியுள்ளது. இப்பரிகாரத்தைத் தருவதும் மறுப்பதும் முன்பு நீதிமன்றத்தின் விருப்புரிமையாக இருந்தது. அத்திருத்தம் அவ்விருப்புரிமையை நீக்கிற்று. ஆயினும் தம் கடமையை நிறைவேற்றத் தாம் எப்போதும் ஆயத்தமாகவும் விருப்பமாகவும் இருந்ததை வாங்குபவர் மெய்ப்பிக்க வேண்டும் என்னும் விதி அப்படியே உள்ளது. ரொக்கத்தை எதிரில் கொண்டுபோய் வைக்க வேண்டுவதில்லை. வகை செய்யும் ஆற்றல் இருந்ததென்று காட்டினால் போதும்.

தாயகத்தில் வாங்குவோர் இன்னொன்றையும் கருதுக. தமிழ்நாட்டில் 2012 டிசம்பர் முதல் கிரய ஒப்பந்தத்தையும் பதிவு செய்தல் கட்டாயம். பதிவாகாத ஒப்பந்தத்தையும் இத்தகைய வழக்கில் சான்றாக ஏற்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2023இல் கூறியதுண்டு. அதை நம்பிப் பதிவுச் செலவை மிச்சம் பிடிப்பது அறிவுடைமை அன்று.

இத்தீவுகளிலோ நிலைமை வேறு. 1966ஆம் ஆண்டின் நிலவருவாய், நிலச் சீர்திருத்த ஒழுங்குமுறைப்படி இங்குள்ள நிலமனைத்தும் அரசுக்கே உரியது; அவ்வொழுங்குமுறை அளிக்கும் உரிமையே குடிகளுக்கு உண்டு. ஆதலின் பெரார்கஞ்சில் மனை பேசுவோர், விற்பவருக்கு உள்ள உரிமை எவ்வகையது, அதை மாற்றிக் கொடுக்க அனுமதி வேண்டுமா என்பவற்றைத் தாசில்தார் அலுவலகத்தில் அச்சாரத்திற்கு முன்னரே விசாரித்தறிய வேண்டும். அனுமதி தேவையெனில் அதைப் பெறுபவர் யார், எத்தனை நாளுக்குள் என்பதையும் ஒப்பந்தத்தில் எழுதிக்கொள்க. விவகாரம் முற்றினால் வழக்கு ஸ்ரீ விஜயபுரத்தில் நடக்கும். மேல்முறையீடு உயர் நீதிமன்றம் வரை சென்றால், விசாரிப்பது கல்கத்தா உயர் நீதிமன்றமாகும். அச்செலவும் அலைச்சலும் ஏழைக் குடும்பம் தாங்கக்கூடியனவா?

ஆகவே அன்பர்களே, அச்சாரத்தை வங்கி வழியே கொடுங்கள், ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். தவணை முடியுமுன் பாக்கியுடன் ஆயத்தமாக இருப்பதைப் பதிவுத் தபாலில் தெரிவியுங்கள். விற்பவர் சாக்குப்போக்குச் சொல்லத் தொடங்கினால் உறவுமுறைக்கு அஞ்சி நாள் கடத்தாது வழக்கறிஞரை நாடுங்கள். வழக்குத் தொடுக்கும்போது, சொத்து கிட்டாவிடில் அச்சாரத்தையேனும் திருப்பித் தருமாறு சேர்த்துக் கேளுங்கள்; கேளாத தொகையை நீதிமன்றம் தானாக வழங்காது. பிள்ளைகளின் கல்விக்கும் மகளின் திருமணத்திற்கும் உரிய பணம் ஒரு துண்டுக் காகிதத்தில் முடங்கிக் கிடக்கலாகாது.