முழங்காலுக்கு ஒரு முகவரி

கடித உறையின் மேல் 624619 என்று எழுதினால், அது தவறாமல் ஒட்டன்சத்திரம் வந்து சேரும். முதல் எண்ணாகிய 6 தமிழ்நாடும் கேரளமும் அடங்கிய வட்டாரத்தைக் காட்டும். 624 என்றால் திண்டுக்கல் பகுதி. கடைசி மூன்று எண்கள் நம் அஞ்சலகத்திற்கு உரியவை. 1972 ஆகஸ்டு 15-ல் தொடங்கிய இந்தப் பின்கோடு ஏற்பாடு நாம் யாவரும் அறிந்ததே. நோய்களுக்கும் இப்படி ஒரு முகவரி எண் உண்டு என்பதை, எங்கள் தோழி ஒருத்தியின் முழங்கால் வீங்கிய பிறகுதான் நாங்கள் அறிந்தோம்.

அவளுக்கு முதலில் வந்தது சீதபேதி. சில நாட்களில் அது குணமாயிற்று. மூன்று வாரம் கழித்து ஒரு முழங்கால் வீங்கிச் சூடேறியது. "விளையாட்டில் அடிபட்டிருக்கும்" என்றோம் நாங்கள். "வாயுப் பிடிப்பு" என்றார் அவள் பாட்டி. மருத்துவரோ, "சென்ற மாதம் வயிற்றுப்போக்கு, தொண்டைவலி ஏதேனும் இருந்ததா?" என்று கேட்டார். சிகிச்சை முடிந்து வந்தபோது அவள் கையிலிருந்த சீட்டில் "எம் 02.16" என்று குறித்திருந்தது.

இக்குறியைப் பிரித்துப் பார்ப்போம். "எம்" என்ற எழுத்து எலும்பு, மூட்டு, தசை நோய்களின் அத்தியாயம். "02" என்பது எதிர்வினை மூட்டழற்சி. புள்ளிக்குப் பின் வரும் "1", அது சீதபேதியைத் தொடர்ந்து வந்தது என்று சொல்கிறது. இறுதியில் உள்ள "6", முழங்கால் அடங்கிய கீழ்க்கால் பகுதி. தோள் என்றால் 1, கை விரல்கள் என்றால் 4, கணுக்கால் என்றால் 7. ஒரே வரியில் நோய், அதன் காரணம், இடம் ஆகிய மூன்றும் அடங்கிவிட்டன!

எதிர்வினை மூட்டழற்சி என்பது என்ன? ஷிகெல்லா, சால்மொனெல்லா போன்ற கிருமிகள் அசுத்தமான நீராலும் உணவாலும் குடலுக்குள் புகுகின்றன. உடலின் எதிர்ப்புச் சக்தி அவற்றோடு போரிடுகிறது. குடலில் போர் ஓய்ந்த பின்னரும், சிலருக்கு அந்த எதிர்ப்பு மூட்டுகளில் அழற்சியாகத் தோன்றுகிறது. பெரும்பாலும் ஒன்று முதல் நான்கு வாரங்களுக்குள் முழங்காலோ கணுக்காலோ வீங்கும். கண் சிவப்பதும், சிறுநீர் கழிக்கையில் எரிச்சலும் உண்டாகலாம். பலருக்குச் சில மாதங்களில் இது தணிந்துவிடும்.

இந்த எண் முறை வளர்ந்த வரலாறு நீண்டது. 1860-ல் லண்டனில் கூடிய புள்ளியியல் மாநாட்டுக்கு, மருத்துவமனைகள் எல்லாம் ஒரே முறையில் கணக்கு வைக்க வேண்டும் என்ற திட்டத்தை அனுப்பியவர் பிளாரன்ஸ் நைட்டிங்கேல் அம்மையார். விளக்கேந்திய அதே கை கணக்கேட்டையும் ஏந்தியது! 1893-ல் பிரான்சு நாட்டின் பெர்ட்டியோன் மரணக் காரணங்களின் பட்டியலை அளித்தார். 1948 முதல் உலக சுகாதார நிறுவனம் இப்பணியை ஏற்று, உயிரோடிருப்போரின் நோய்களையும் அதில் சேர்த்தது. 1990-ல் ஏற்கப்பட்ட பத்தாம் திருத்தத்தின் குறியே எங்கள் தோழியின் சீட்டில் இருந்தது. பதினோராம் திருத்தம் 2022-ல் நடைமுறைக்கு வந்துள்ளது.

"வீக்கம் வீக்கந்தானே, எண் எதற்கு?" என்று கேட்கத் தோன்றும். இங்குதான் நாம் கவனமாயிருக்க வேண்டும். தொண்டைவலிக்குப் பின் பள்ளிப் பிள்ளைகளுக்கு மூட்டு வீங்கினால், அது ருமாட்டிக் காய்ச்சலாக இருக்கலாம். அதன் குறி "ஐ 00". இதயமும் தாக்கப்பட்டிருந்தால் "ஐ 01". அப்பிள்ளைக்கு மூன்று நான்கு வாரங்களுக்கு ஒருமுறை, பல ஆண்டுகள் பென்சிலின் ஊசி போட வேண்டும். தவறினால் இதய வால்வு கெடும். மூட்டுக்குள்ளேயே கிருமி புகுந்து சீழ் பிடித்தால் "எம் 00". அதற்கு ஒரு நாளும் தாமதிக்கலாகாது. எலும்பு, மூட்டுக் காசநோய்க்கு "ஏ 18.0". 2006-ல் தமிழகத்தை வாட்டிய சிக்குன்குனியாவுக்கு "ஏ 92.0". வீங்குவது அதே முழங்கால்தான். மருந்தோ வேறு வேறு.

இவற்றை எல்லாம் வெறும் "மூட்டுவலி" என்று "எம் 25.5"-ல் போட்டுவிட்டால், காரணம் மறைந்துபோகும். ஒரே ஊரிலிருந்து சீதபேதிக்குப் பின் வந்த மூட்டு வீக்கங்கள் பல பதிவானால், அவ்வூர்க் குடிநீரைச் சோதிக்க வேண்டும் என்பது புலப்படும். காரணம் பதிவாகாவிட்டால் மாத்திரை மட்டும் தீரும், தண்ணீர் திருந்தாது. நோயின் முதற்காரணத்தை ஆராயச் சொன்ன வள்ளுவரின் அறிவுரைக்கு இது நல்ல சான்று.

குறி எழுதுபவர் தாமே ஊகித்து எழுதக்கூடாது. மருத்துவர் கண்டறிந்து எழுதியதற்கே எண் தரவேண்டும். ஐயம் எழுந்தால் அவரிடமே கேட்க வேண்டும். மருத்துவ ஆவணப் பிரிவு என்னும் இப்பணிக்கு வேலூர் கிறிஸ்தவ மருத்துவக் கல்லூரி போன்ற இடங்களில் தனிப் படிப்பு உண்டு. பொறுமையும் நேர்மையும் உள்ள பெண்களுக்கு ஏற்ற தொண்டு அது.

மருத்துவர் நம்மை விசாரிக்கும்போது, சென்ற மாதத்து வயிற்றுப்போக்கையும் தொண்டைவலியையும் கூச்சப்படாமல் சொல்லிவிடுவோம். பெற்றோரும் பழைய சீட்டுகளைத் தூக்கி எறியாமல் பத்திரப்படுத்தட்டும். தண்ணீரைக் காய்ச்சிக் குடிப்போம். உண்ணுமுன் சோப்பிட்டுக் கை கழுவுவோம்.

எங்கள் தோழி அரையாண்டுத் தேர்வுக்கு முன்பே, யார் துணையுமின்றி மாடிப்படி ஏறி வகுப்புக்கு வந்தாள். அந்தச் சீட்டை இன்றும் அவள் கணக்குப் புத்தகத்திற்குள் வைத்திருக்கிறாள்.