உங்களுக்குத் தெரியுமா? ரூபாய்கள் உருகிக் கோப்பையான கதை

இங்கிலாந்தும் ஸ்கொட்லாந்தும் ஆண்டுதோறும் மோதும் றக்பிக் கோப்பை, இந்திய வெள்ளி ரூபாய்களை உருக்கிச் செய்தது!

1873இல் பிறந்த கல்கத்தா ஃபுட்போல் கழகம் என்ற றக்பிக் கழகம் ஐந்தே ஆண்டில் கலைந்தது. அதன் தலைவர், செயலாளர், பொருளாளர் மூன்றுமாக இருந்த ஜி. ஏ. ஜே. ரொத்னி, வங்கியில் எஞ்சிய பணத்தைக் கோப்பையாக்கச் சொன்னார். கல்கத்தா கோப்பை என்ற பெயரில் மட்டும்தானே கல்கத்தா என்று சிலர் கேட்கலாம். ஆனால் வெள்ளி இந்தியாவினது, கைப்பிடிகள் மூன்றும் நாகங்கள், மூடியில் யானை. இதை இந்தியக் கோப்பை என்பதே நியாயம். எறும்பு, குளவிகளையும் ஆராய்ந்தவர் ரொத்னி. பொலிஸ்டெஸ் ரொத்னியி என்ற குளவிக்கு அவர் பெயர்தான்.

கோப்பைக்கான முதல் ஆட்டம் 1879இல், எடின்பரோவில். ஏறாவூர் வாசகர்கள் இதையும் குறித்துக்கொள்ளலாம்: அதே ஆண்டில் கொழும்பிலும் றக்பி தொடங்கிவிட்டது.