இரண்டு பிடி, ஒரு விரல்

ஒற்றைப் பிடி ஸ்லைடரைச் சென்ற வாரம் பார்த்தோம். ஒலியைக் கூட்டிக் குறைக்க அது போதும். வாடகை வீடு தேடுகிறவர் 10,000 முதல் 20,000 ரூபாய் வரை என்று கேட்க இரண்டு பிடி வேண்டும். ஒன்றைச் செய்தவருக்கு இன்னொன்றைச் சேர்ப்பது அரை நாள் வேலை என்று தோன்றும். ஆனால் ஐபோனின் யுஐஸ்லைடருக்கும் ஆண்ட்ராய்டின் பழைய சீக்பாருக்கும் ஒரே பிடிதான். இணையப் பக்கங்களின் ரேஞ்ச் உள்ளீடும் அப்படியே. ஃப்ளட்டருக்கு இரட்டைப் பிடி 2019இல் வந்தது; ஆண்ட்ராய்டின் மெட்டீரியல் நூலகத்துக்கு 2020இல். வரைவதில் ஒரு சிரமமும் இல்லை: ஒரு கோடு, இரண்டு வட்டம், நடுவே கொஞ்சம் வண்ணம். விரல் பட்டதும் அது எந்தப் பிடிக்கு உரியது என்று தீர்ப்பதில்தான் எல்லாச் சிக்கலும்.

அருகில் இருக்கும் பிடிக்கே விரலைக் கொடுத்துவிடலாம் என்பது முதலில் தோன்றும் விதி. பிடிகள் தள்ளி இருக்கும்வரை அது சரிவரும். குறைந்தபட்சத்தை ஒருவர் வலது ஓரம்வரை இழுத்துவிட்டார் என்று வையுங்கள். இரண்டு வட்டமும் ஒன்றன்மேல் ஒன்று. மேலே இருப்பது அதிகபட்சப் பிடி. வலப்பக்கம் போக அதற்கு இடமில்லை, இடப்பக்கம் போனால் அடியில் இருப்பது தடுக்கிறது. இரண்டும் நகராமல் நிற்கும். தீர்வு, தொட்டவுடன் முடிவெடுக்காமல் இருப்பது. விரல் சிறிது நகரட்டும். இடப்பக்கம் போனால் குறைந்தபட்சப் பிடி, வலப்பக்கம் போனால் அதிகபட்சப் பிடி. ஃப்ளட்டரும் மெட்டீரியலும் இதையே செய்கின்றன. பக்கத்தை மேலும் கீழும் தள்ளும் அசைவா, ஸ்லைடரை இழுக்கும் அசைவா என்று பிரித்தறியவும் இதே காத்திருப்பு உதவுகிறது. விரல் எந்தப் பிடிக்கு உரியது என்று தீர்ந்த பின், விரலுக்கும் வட்டத்தின் மையத்துக்கும் இடையில் இருந்த தூரத்தை நினைவில் வைக்க வேண்டும். இல்லாவிட்டால் வட்டம் துள்ளிக் குதித்து விரலடிக்கு வரும்.

பிடிகள் ஒன்றையொன்று தாண்டட்டும், பெரியது எதுவோ அதை அதிகபட்சமாகக் கொள்ளலாமே என்று சிலர் கேட்பார்கள். பார்க்கிறவருக்கு அது வசதிதான். ஆனால் வாய்ஸ்ஓவர், டாக்பேக் போன்ற திரைவாசிப்பான்களைக் கேட்டுப் பயன்படுத்துகிறவர் "குறைந்த வாடகை" என்று அறிவிக்கப்பட்ட பிடியை நகர்த்திக்கொண்டிருக்கும்போதே அது அதிக வாடகையாகிவிடும். பிடிகள் இடம் மாறித் தெரிந்தாலும் அவற்றை அடையும் வரிசை மாறக் கூடாது என்றே டபிள்யூ3சியின் வழிகாட்டுதலும் சொல்கிறது. ஒரு பிடியின் எல்லை மற்றதன் மதிப்பு. அந்த எல்லையையே திரைவாசிப்பானுக்கும் சொல்ல வேண்டும். ஆகவே இதை இரண்டு ஸ்லைடர்களாக எழுதிப் பின்னர் ஒட்டவைப்பது தவறான தொடக்கம். இரு மதிப்புகளும் ஒரே இடத்தில் இருந்து, ஒரே விதியால் சரிபார்க்கப்பட வேண்டும்.

இவ்வளவு பாடுபடுவதற்குப் பதில் இரண்டு எண் பெட்டிகளை வைத்துவிடலாமே என்பது வலுவான ஆட்சேபம். கணக்கும் அதன் பக்கம்தான். 360 டிபி (ஆண்ட்ராய்டின் திரை அளவு அலகு) அகலத் திரையில் இருபுறமும் 16 விட்டால் மிச்சம் 328. ஒரு லட்ச ரூபாய் வீச்சை அதில் பரப்பினால் ஒரு டிபிக்கு ஏறக்குறைய 305 ரூபாய். விரலுக்கோ 48 டிபி இடம் வேண்டும் என்கிறது கூகுள். 12,500இல் நிறுத்துவது அதிர்ஷ்டம். வரன் தேடும் செயலியின் வயது வடிகட்டியில், 18 முதல் 60 வரை என்றால், ஒரு வயதுக்கு 8 டிபிக்குச் சற்றுக் குறைவு. அங்கே ஸ்லைடர் தாங்கும். தோராயமாகக் கேட்கிறவருக்கு ஸ்லைடர், துல்லியமாகக் கேட்கிறவருக்குப் பெட்டி. 2023 அக்டோபரில் வெளியான அணுகல்தன்மை வழிகாட்டுதலான டபிள்யூசிஏஜி 2.2, இழுத்துச் செய்வதைப் பொதுவாக இழுக்காமலும் செய்ய வழி இருக்க வேண்டும் என்கிறது. ஆக, பெட்டி ஸ்லைடருக்குப் போட்டி அல்ல, துணை. ஒன்றுக்குத்தான் நேரம் இருக்கிறது என்றால் பெட்டியையே செய்யுங்கள். ஆயத்தமான ஸ்லைடர் கிடைத்தால் எடுத்துக்கொள்ளுங்கள். நிறம் பிடிக்கவில்லை என்பது சொந்தமாக எழுதக் காரணமாகாது. விலை ஏற ஏற படிகள் பெரிதாக வேண்டும் என்பது காரணமாகலாம்.

எழுதுவது என்று முடிவானால் திரையின் ஓரத்தையும் கவனியுங்கள். ஆண்ட்ராய்டு 10 முதல் விளிம்பிலிருந்து உள்நோக்கி இழுத்தால் முந்தைய பக்கத்துக்குப் போகலாம். பூஜ்யத்தில் நிற்கும் குறைந்தபட்சப் பிடியை நகர்த்தவும் அதே திசையில்தான் இழுக்க வேண்டும். அந்த இடத்தை விட்டுக்கொடு என்று செயலி கேட்கலாம். ஆனால் ஒரு விளிம்பில் 200 டிபி உயரத்துக்கு மேல் ஆண்ட்ராய்டு தராது. தடத்தை ஓரத்திலிருந்து தள்ளித் தொடங்குவது அதைவிட எளிது.