கண்ணாடி அதேதான்

"மூஞ்சியைக் கோணாதே, அப்படியே நின்னுடும்." போன தலைமுறையில் வளர்ந்த பலருக்கும் இந்த மிரட்டல் நினைவிருக்கும். சும்மா சும்மா கண்ணைக் கொட்டும் பையனுக்கும், மூக்கைச் சுருக்கித் தொண்டையைச் செருமும் பெண்ணுக்கும் வீட்டு வைத்தியம் ஒரே வரிசையில்தான் நடக்கும். முதலில் அதட்டல், அடுத்து தலையில் ஒரு குட்டு, அதற்கும் அடங்காவிட்டால் மந்திரித்த தாயத்து. பள்ளிக்கூடத்தில் பட்டப்பெயர் வேறு. தன்னைப் பார்த்துக் கண்ணடிக்கிறான் என்று பெஞ்சு மேல் ஏற்றிவிட்ட வாத்தியார்களும் உண்டு.

அதே பையனை இன்று குழந்தை நரம்பியல் மருத்துவரிடம் கூட்டிப்போனால் 'டிக்' என்பார். பள்ளி வயதில் ஐந்து பிள்ளைகளில் ஏறக்குறைய ஒருவருக்கு ஏதோ ஒரு கட்டத்தில் இது எட்டிப் பார்க்கும். பெரும்பாலும் ஐந்து முதல் ஏழு வயதுக்குள் கண்ணில் தொடங்கும். மூக்கு, வாய், கழுத்து என்று இடம் மாறும், சில வாரம் காணாமல் போய்த் திரும்பி வரும். பெண்களைவிட ஆண் பிள்ளைகளுக்கே அதிகம். பலருக்கு ஒரு வருடத்துக்குள் தானே போய்விடும். உடல் அசைவோடு குரலும் சேர்ந்து ஒரு வருடத்துக்கு மேல் நீடித்தால் அதற்கு டூரெட் என்று பெயர்.

முகம் துடிப்பதைக் கவனிப்பதில் நம் ஆட்கள் சளைத்தவர்கள் இல்லை. சிலப்பதிகாரத்தின் இந்திர விழாவில் கண்ணகிக்கு இடக்கண்ணும் மாதவிக்கு வலக்கண்ணும் துடித்தே கதையின் போக்கைச் சொல்லிவிடுகின்றன. ஆனால் சகுனம் பார்த்த அந்தத் துடிப்பு வேறு. இமைத் தசையில் சில இழைகள் தானாக நடுங்குவது அது. தூக்கக் குறைவும் காபியும் அலுப்பும் கூடினால் வரும், ஓய்வெடுத்தால் போகும். டிக் அப்படி இல்லை. அது பார்ப்பதற்கு வேண்டுமென்றே செய்ததுபோல் தோன்றும் முழு அசைவு. அதற்குச் சற்று முன்னால் அந்த இடத்தில் ஒரு உந்தல் திரளும். கொசு கடித்த இடத்தைச் சொறியாமல் கொஞ்ச நேரம் இருக்கலாம், ரொம்ப நேரம் முடியாது இல்லையா, அது மாதிரி. அசைத்துவிட்டால் உந்தல் தணியும். பிறகு மறுபடி திரளும்.

கொஞ்ச நேரம் அடக்க முடிகிறது என்பதுதான் இத்தனை வம்புக்கும் வேர். "ஹெட்மாஸ்டர் ரூம்ல சும்மாதானே இருந்தான்? அப்போ வேணும்னுதான் செய்யறான்." நம் வீடுகளில் மட்டுமில்லை, பாரிஸின் பெரிய மருத்துவர்களும் ஏறக்குறைய இதே இடத்தில்தான் இடறினார்கள்.

1825இல் ழான் இத்தார் என்ற பிரெஞ்சு மருத்துவர், பிரபு குலத்துப் பெண் ஒருத்தியின் வரலாற்றைப் பதிவு செய்தார். ஏழு வயதில் தொடங்கிய துடிப்பு, பிறகு அலறல், பிறகு நாலு பேர் நடுவில் வாய்தவறி வரும் வசை. அவள் வாழ்நாளின் பெரும்பகுதி ஒதுங்கியே கழிந்தது. அறுபது ஆண்டுகள் கழித்து, 1885இல், சல்பெத்ரியேர் மருத்துவமனையின் ழில் தெ லா டூரெட் ஒன்பது பேரைப் பற்றி எழுதிய கட்டுரையில் அந்தப் பெண்ணையும் சேர்த்துக்கொண்டார். பரம்பரையாக வருவது, வந்தால் போகாது என்பது அவர் கருத்து. முதல் பாதியில் உண்மை கணிசமாக இருக்கிறது, குடும்பவழி வருவது இன்று உறுதியான விஷயம். இரண்டாவது பாதி பிசகு. பத்து, பன்னிரண்டு வயதில் உச்சத்துக்குப் போய், பதின்பருவம் முடிவதற்குள் பெரும்பாலோருக்கு வெகுவாகக் குறைகிறது. கட்டுரையை எழுதியவர் பெயரைச் சொல்லியே நோயை அழைக்கலாம் என்றவர், டூரெட்டின் குருவான ஷார்கோ.

அதன் பிறகு வந்த மேழ், ஃபைந்தெல் இருவரும் 1902இல் டிக் பற்றித் தடித்த புத்தகமே போட்டார்கள். அவர்கள் தந்த சிகிச்சை சுவாரஸ்யமானது. கண்ணாடி முன் உட்கார்ந்து அசையாமல் இருக்கப் பழக வேண்டும். முதலில் சில நொடி, பிறகு கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்ட வேண்டும். அதோடு நிதானமான, ஒழுங்கான அசைவுகளை அதே கண்ணாடி முன் செய்து பழக வேண்டும். வழி மோசமில்லை. அதன் பின்னால் இருந்த தீர்ப்புதான் மோசம்: நோயாளி மன உறுதி இல்லாதவர், வளர்ந்தும் குழந்தை மனம் மாறாதவர்.

அடுத்து உளப்பகுப்பாய்வின் முறை. 1921இல் ஃபெரென்சி டிக்கின் அடியில் அடங்கிய பாலுணர்வைத் தேடினார். பின்வந்தவர்கள் குடும்பத்துச் சிக்கலைத் தேடினார்கள். பிள்ளையின் கண் துடித்ததற்குத் தாய் குற்றவாளிக் கூண்டில் ஏறினாள். நம்மூர்க் குட்டே தேவலை, அது ஒரு நொடியில் முடிந்துவிடும்.

காற்று திசை மாறியது மாத்திரையால். 1958இல் பெல்ஜியத்தில் உருவான ஹாலோபெரிடால், மனச்சிதைவுக்கான மருந்து. அதை 1960களில் டிக் உள்ளவர்களுக்குக் கொடுத்துப் பார்த்தபோது துடிப்பு அடங்கியது. நியூயார்க்கின் ஷபிரோ தம்பதி 1968இல் இதை எழுதி, கோளாறு மூளையில்தான், வளர்ப்பில் இல்லை என்று வாதாடினார்கள். அங்கே பெற்றோர்கள் 1972இல் சங்கம் அமைத்தார்கள். வேண்டிய அசைவை விட்டு வேண்டாததைத் தடுக்கும் வேலை, மூளையின் ஆழத்திலுள்ள அடித்தள முடிச்சுகளுடையது. அந்தச் சுற்றில் டோபமின் சமிக்ஞை பிசகுவதால் வேண்டாத அசைவும் நழுவி வெளியே வருகிறது என்பதே இன்றைய விளக்கம். கவலையும் களைப்பும் துடிப்பைக் கூட்டும், ஆனால் காரணம் அவையல்ல. மருந்துக்கும் விலை இருந்தது: தூக்கம், உடல் விறைப்பு, எடை. அதனால் இன்று பலர் குளோனிடின் போன்ற மென்மையான மருந்தில் தொடங்குகிறார்கள், தேவைப்பட்டால்தான் அரிபிபிரசோல்.

மருந்துக்கும் முன்னால் இன்று பரிந்துரைப்பது பயிற்சி. 1973இல் அஸ்ரின், நன் என்ற இரு உளவியலாளர்கள் தொடங்கிவைத்த முறை. உந்தல் திரளும் கணத்தைப் பிள்ளை கண்டுபிடிக்க வேண்டும், உடனே அந்த அசைவோடு சேர்ந்து நடக்க முடியாத இன்னொன்றைச் செய்ய வேண்டும். கண் கொட்டுகிறவனுக்கு நிதானமாக, சீராக இமைப்பது. மூக்கைச் சுருக்குகிறவனுக்கு மேலுதட்டை மெல்லக் கீழே இழுத்துப் பிடிப்பது. உந்தல் தணியும்வரை, அல்லது ஒரு நிமிடம். 2010இல் அமெரிக்காவில் 126 பிள்ளைகளிடம் இதைச் சோதித்தபோது, பயிற்சி பெற்றவர்களில் பாதிக்கு மேல் தேறினார்கள்; வெறும் ஆலோசனை பெற்றவர்களில் ஐந்தில் ஒருவருக்கும் குறைவு.

தன் அசைவைப் பிள்ளையே பார்த்துத் தெரிந்துகொள்ள, இந்தப் பயிற்சியிலும் கண்ணாடி வைப்பதுண்டு. மேழ் வைத்த கண்ணாடிதான். இப்போது எதிரில் உட்கார்ந்திருக்கும் பையனை யாரும் பலவீனன் என்பதில்லை, அவ்வளவே வித்தியாசம். அது சின்ன வித்தியாசம் இல்லை.

மருத்துவரின் அறைக்குள் நுழைந்ததும் பல பிள்ளைகளுக்குத் துடிப்பு மறைந்துவிடும். முன்பெல்லாம் அம்மா சொன்னதை நம்புவது மருத்துவரின் மனதைப் பொறுத்தது. இன்று செல்போனில் எடுத்த வீடியோ போதும். மருத்துவர் முதலில் கண் அலர்ஜியும் பார்வைக் கோளாறும் இல்லையா என்று பார்ப்பார். லேசாக இருந்தால் எதுவும் செய்யாமல் காத்திருக்கச் சொல்வார். "கொட்டாதே" என்று சொல்வதை நிறுத்தச் சொல்வார், பள்ளிக்கும் ஒரு கடிதம் தருவார். பாட்டிகளுக்கு இதில் திருப்தி இருக்காது.

நடுத்தர வயதில் ஒரு பக்க முகம் மட்டும் துடித்தால் கணக்கு வேறு. கண்ணைச் சுற்றித் தொடங்கி, கன்னத்துக்கும் வாயோரத்துக்கும் இறங்கி, தூக்கத்திலும் விடாமல் இழுத்தால், மூளையிலிருந்து முகநரம்பு வெளிவரும் இடத்தில் ஒரு ரத்தக்குழாய் அதை அழுத்திக்கொண்டிருக்கலாம். போடாக்ஸ் ஊசி மூன்று, நான்கு மாதம் தாங்கும். குழாயை நரம்பிலிருந்து விலக்கிவைக்கும் அறுவை சிகிச்சையும் இருக்கிறது.

பிள்ளைகள் விஷயத்தில் இன்னும் தீராதது ஆள் பற்றாக்குறை. இந்தப் பயிற்சியைக் கற்றுத்தரத் தெரிந்தவர்கள் இங்கே சிலர்தான், அவர்களும் பெருநகரங்களில். இங்கிலாந்தில் 224 பிள்ளைகளிடம் இணையம் வழியாகவே சிகிச்சை நடத்திப் பார்த்து 2021இல் முடிவை வெளியிட்டார்கள், பலன் தெரிந்தது. அவர்கள் பழகியது உந்தலைப் பொறுத்துக்கொள்ளும் இன்னொரு முறையை. வீட்டிலிருந்தே பிள்ளையும் பெற்றோரும் பாடங்களைப் படித்துப் பழக, சிகிச்சையாளர் எழுத்து வழியே வழிகாட்டினார். தமிழில் அப்படி ஒன்றைத் தயாரிக்கக் கட்டடமும் வேண்டாம், கருவியும் வேண்டாம்.