வற்றம் பார்த்துப் படகு ஏறுங்கள்

பிதர்கனிகாவில் படகுக்காரரிடம் கட்டணம் பேசுவதற்கு முன், வற்றம் எத்தனை மணிக்கு என்று கேட்டுவிட வேண்டும். அங்குள்ள ஓடைகளில் கடல்நீர் நாளுக்கு இரண்டு முறை ஏறி, இரண்டு முறை இறங்குகிறது. ஏறியிருக்கும் நேரத்தில் போனால் இரு பக்கமும் பச்சைச் சுவரும் நடுவில் கலங்கல் தண்ணீரும்தான். இறங்கிய பிறகு போனால் அதே ஓடையின் கரையில் ஆள் உயரத்துக்குச் சேற்றுச் சரிவு வெளிப்பட்டிருக்கும். முதலைகள் வெயில் காய்வது அந்தச் சரிவில்தான். புவனேஸ்வரத்திலிருந்து விடியற்காலையில் காரில் கிளம்பி, நண்பகலில் வந்து சேர்ந்து, கிடைத்த படகில் ஏறிச் சுற்றிவிட்டு, "ஒண்ணுமே இல்லையே" என்று முகம் சுளித்துத் திரும்புகிறவர்கள் ஏராளம். காட்டில் எல்லாம் இருக்கிறது. வந்த நேரம்தான் சரியில்லை.

ஒடிசாவின் கேந்திரபாடா மாவட்டத்தில், பிராமணி, வைதரணி ஆறுகள் கடலில் கலக்கும் கழிமுகத்தில் இருக்கிறது இந்த அலையாத்திக் காடு. கருட புராணம் கேட்டு வளர்ந்தவர்களுக்கு வைதரணி என்றதும் எமலோகத்து நதி நினைவுக்கு வரும். ஒடிசாக்காரர்களுக்கும் அந்த நம்பிக்கை உண்டு. அந்த நதியைப் போலவே இங்கும் முதலைக்குப் பஞ்சமில்லை. சென்னை–ஹவுரா ரயில் பாதையில் பத்ரக் நிலையத்தில் இறங்கினால், அங்கிருந்து சாந்த்பாலி படகுத்துறைக்கு ஐம்பது கிலோமீட்டர் சொச்சம். கோலா, குப்தி வழியாகவும் உள்ளே போகலாம். நுழைவாயிலில் வனத்துறை அனுமதிச் சீட்டு வாங்க வேண்டும். அடையாள அட்டை அவசியம்.

பிச்சாவரம் பார்த்த கண்ணோடு போகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. பிச்சாவரத்தில் துடுப்புப் படகு, குறுகலான கால்வாய், தலைக்கு மேலே கவிந்து நிற்கும் சுரபுன்னை. கையை நீட்டினால் வேரைத் தொடலாம். இங்கே டீசல் இன்ஜின் வைத்த மரப்படகு, அகன்ற ஆறு, அதிலிருந்து பிரியும் ஓடைகள். கையைத் தண்ணீருக்குள் விடக் கூடாது என்பதை வழிகாட்டி ஏறும்போதே சொல்லிவிடுகிறார். மரங்களில் மட்டும் உறவு தெரிகிறது. சிதம்பரத்தின் தலமரமான தில்லை இங்கே கரையோரமெங்கும் நிற்கிறது. உதிரும் முன் அதன் இலைகள் சிவந்து, பச்சைக்கு நடுவே தனித்துத் தெரியும். அதன் பால் கண்ணில் பட்டால் ஆபத்து என்பது அங்குள்ள விறகுவெட்டிகளுக்கும் தெரியும்.

வழிகாட்டி இல்லாமல் இந்தக் காட்டில் பாதிகூடக் கண்ணில் படாது. எங்களோடு வந்தவர் டாங்மால் பக்கத்துக் கிராமத்துக்காரர். ஒடியா கலந்த இந்தியில் அளந்துதான் பேசினார். அவர் கையைச் சற்றே உயர்த்தினால் போதும், சுக்கான் பிடித்திருப்பவர் இன்ஜினை அணைத்துவிடுவார். முதலில் அவர் காட்டியது முதலையை அல்ல, முதலை இறங்கிப் போன தடத்தை. சேற்றுச் சரிவில் வழவழவென்று ஒரு பட்டை. நடுவில் வால் இழுத்த கோடு. இருபுறமும் நகம் ஊன்றிய குழிகள். குழிகளில் இன்னும் தண்ணீர் கசிந்துகொண்டிருந்தால் அது இப்போதுதான் இறங்கியிருக்கிறது, விளிம்பு உலர்ந்திருந்தால் போய் நேரமாகிவிட்டது. தடம் புதிதாக இருந்தால் படகைக் கொஞ்சம் தள்ளி நிறுத்திக் காத்திருப்பார். தண்ணீருக்கு மேல் இரண்டு கண்ணும் ஒரு மூக்கு நுனியும் எழும்.

அடுத்த வளைவில் முழு உருவமும் கிடந்தது. சேற்றின் நிறமே அதன் நிறம். வாயை அகலத் திறந்து வைத்து அசையாமல் கிடந்தது. படகில் இருந்த ஒருவர், "பொம்மை வச்சிருக்காங்களா?" என்று கேட்டேவிட்டார். வாய் திறந்திருப்பது கோபத்தால் அல்ல. முதலைக்குத் தன் உடம்புக்குள் சூட்டை உண்டாக்கிக்கொள்ளத் தெரியாது; வெயிலில் காய்ந்து ஏற்றிக்கொள்ளும், மிஞ்சிய சூட்டை வாயைத் திறந்து ஆற்றிக்கொள்ளும். அதனால்தான் பனிக்காலம் இங்கே நல்ல காலம். இரவுக் குளிரில் விறைத்த முதலைகள் காலை வெயிலுக்குக் கரையேறியே ஆக வேண்டும். வனத்துறையும் தன் கணக்கெடுப்பை ஜனவரியில் வைத்துக்கொள்கிறது. பகலில் கரையில் கிடப்பவற்றை எண்ணுகிறார்கள். இரவில் விளக்கடித்து, மினுங்கும் கண்களை எண்ணுகிறார்கள்.

அந்தக் கணக்கில் ஒரு கதை இருக்கிறது. தோலுக்காகச் சுட்டும், முட்டைகளை எடுத்தும், கழிமுகக் காடுகளை வயலாக்கியும் 1970களின் நடுவில் இங்கே மிஞ்சியிருந்த உவர்நீர் முதலைகள் நூற்றுக்கும் குறைவு. 1975இல் ஐ.நா. உணவு, வேளாண்மை அமைப்பின் ஆலோசகர் எச்.ஆர். பஸ்டர்டின் வழிகாட்டலில் ஒடிசா அரசு வேலையைத் தொடங்கியது. நீள்மூக்குக் கரியாலுக்கு டிக்கர்படா, நன்னீர் முதலைக்கு ராமதீர்த்தம், உவர்நீர் முதலைக்கு டாங்மால் என்று இடம் பிரித்தார்கள். டாங்மாலில் இந்தப் பணியோடு நெடுங்காலம் பிணைந்திருந்த பெயர் ஆராய்ச்சியாளர் சுதாகர் கர். காட்டுக்குள் கூடு தேடிப் போய் முட்டைகளைப் பத்திரமாக எடுத்து வந்து, பொரிக்க வைத்து, குஞ்சுகளை ஒரு மீட்டர் தாண்டும் வரை வளர்த்து ஆற்றில் விட்டார்கள். சொல்லும்போது எளிது. கூட்டை விட்டு நகராமல் காவல் இருக்கும் தாயைத் தாண்டித்தான் முட்டையை எடுக்க வேண்டும். முட்டை இருக்கும் சூட்டைப் பொறுத்தே குஞ்சு ஆணா பெண்ணா என்பது முடிவாகும். 32 டிகிரியை ஒட்டி இருந்தால் பெரும்பாலும் ஆண், கூடினாலும் குறைந்தாலும் பெண். காட்டில் பொரிக்கும் குஞ்சுகளில் பெரும்பாலானவை மீனுக்கும் உடும்புக்கும் கொக்குக்கும் இரையாகிவிடும். அந்த முதல் சில வருடங்களை மனிதர் கையில் கடந்த குஞ்சுகள்தான் இங்கே முதலையினத்தை நிமிர்த்தின. அண்மைக் கணக்கெடுப்புகளில் எண்ணிக்கை 1,800ஐத் தாண்டிவிட்டது. ஏழு மீட்டருக்கு மேல் நீளமான ஒன்று இங்கே இருப்பதாகக் கின்னஸ் புத்தகத்திலும் ஏறியது.

தமிழகக் கரையில் இந்த இனம் இப்போது காட்டில் இல்லை. சிதம்பரம் வட்டாரத்தில் கொள்ளிடக் கரைக்காரர்களைப் பயமுறுத்துவது நன்னீர் முதலை. உவர்நீர் முதலையைப் பார்க்க நமக்கு வடநெம்மேலி முதலைப் பண்ணை போன்ற இடங்கள்தான் கதி.

ஆனால் 1,800 என்ற எண்ணைக் கேட்டுக் கைதட்டுவதோடு நிறுத்திக்கொண்டால் அது அரைக்கதை. பிதர்கனிகா சரணாலயம் 672 சதுர கிலோமீட்டர். அதற்குள் 1998இல் தேசியப் பூங்காவான நடுப்பகுதி 145 சதுர கிலோமீட்டர். சரணாலய எல்லைக்குள்ளும் சுற்றிலும் நிறையக் கிராமங்கள். முதலைக்கு எல்லைக் கல் தெரியாது. படகில் போகும்போது பாருங்கள்: ஊர்த்துறைகளில் தண்ணீருக்குள் மூங்கிலாலும் கம்பியாலும் வேலி அடைத்திருப்பார்கள். குளிக்க, துணி துவைக்க, மாடு கழுவ அந்த அடைப்புக்குள்தான் இறங்குவார்கள். வேலி இல்லாத இடத்தில் இறங்கிய பெண்களும், நண்டு பிடிக்கப் போனவர்களும், மேய்ச்சல் மாடுகளும் பலியான செய்தி அடிக்கடி வருகிறது. அரசு இழப்பீடு தருகிறது. வேலியும் போட்டுத் தருகிறது. நாம் 'வாவ்' என்று படம் எடுக்கும் ஒவ்வொரு முதலைக்கும் கரையில் ஒரு குடும்பம் பயந்துகொண்டிருக்கிறது என்பதை வழிகாட்டி சொல்லாவிட்டாலும் அந்த வேலிகள் சொல்லும்.

அப்படியானால் ஊர்க்காரர்களுக்கு இந்தக் காட்டால் என்ன பயன்? பதில் 1999 அக்டோபர் 29 அன்று கிடைத்தது. ஒடிசாவைச் சூறையாடிய பெரும் புயல் அது. பின்னர் டேராடூன் இந்திய வனவிலங்கு நிறுவனத்தின் ருச்சி படோலாவும் எஸ்.ஏ. ஹுசைனும் பிதர்கனிகாவைச் சுற்றியுள்ள மூன்று கிராமங்களை ஒப்பிட்டு 2005இல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். அலையாத்தி மரங்கள் காத்து நின்ற ஊரில் வீட்டுக்கு வீடு இழப்பு மிகக் குறைவு. மிக அதிக இழப்பு எங்கே தெரியுமா? மரமும் இல்லாமல் கரையும் இல்லாமல் கிடந்த ஊரில் அல்ல. மரம் இல்லாமல், கரை மட்டும் கட்டியிருந்த ஊரில். கரை உடைந்து உள்ளே வந்த உப்புத் தண்ணீர் வடிய வழியில்லாமல் தேங்கிவிட்டது. இந்த ஆய்வு வெளியான பிறகும் காட்டோரத்தில் இறால் பண்ணைகள் முளைப்பதும், நீதிமன்றம் இடிக்கச் சொல்வதும், மறுபடி முளைப்பதும் தொடர்கின்றன என்பதுதான் வேதனை.

முதலை ஒன்றையே தேடிக்கொண்டிருந்தால் மற்றவை தவறிப்போகும். எட்டு வகை மீன்கொத்திகள் இங்கே உண்டு. அவற்றில் பழுப்புச் சிறகு மீன்கொத்தியை நம் ஊரில் பார்க்க முடியாது. ஆரஞ்சு உடம்பு, பெரிய சிவந்த அலகு. தாழ்ந்த கிளையில் உட்கார்ந்து ஓடையையே பார்த்துக்கொண்டிருக்கும். படகு நெருங்கினால் அடுத்த கிளைக்குப் போகும். சேற்றில் உளுவை இனத்துச் சிறு மீன்கள் துடுப்பை ஊன்றித் தத்தும். ஒரு கொடுக்கு மட்டும் பெருத்த நண்டுகள் அதை ஆட்டி ஆட்டி ஒன்றையொன்று மிரட்டும். புள்ளிமான் கரைக்கு வரும். ஆனால் தண்ணீர் விளிம்பில் நிம்மதியாக நிற்காது. ஓர் ஓடையோரத்தில் பககஹன் என்ற பறவைக் குடியிருப்பு. மழைக்காலத்தில் நத்தை குத்தி நாரைகள் ஆயிரக்கணக்கில் கூடு கட்டும். பனிக்காலத்தில் போனால் அங்கே வெறும் கூடுகளும் எச்சம் வெளுத்த கிளைகளும்தான். முதலையா, நாரையா என்று முன்கூட்டியே முடிவு செய்துகொண்டு மாதத்தைத் தேர்ந்தெடுப்பது நல்லது.

காட்டுக்குள் கால்நடையாகப் போகவும் ஒரு பாதை உண்டு. முன்பு இந்தக் காட்டை வைத்திருந்த கனிகா ஜமீன்தார்கள் வேட்டைக்கு ஏறி நின்ற கோபுரம் அங்கே இன்னும் நிற்கிறது. 1952இல் ஜமீன் ஒழிந்து காடு அரசு கைக்கு வந்தது.

ஒன்றை ஒளிக்காமல் சொல்லிவிடுகிறேன். புத்தாண்டை ஒட்டிய நாட்களில் வரும் உல்லாசக் கூட்டம் இந்தக் காட்டுக்குத் தண்டனை. ஒலிபெருக்கி, கூச்சல், தூங்கும் முதலையை எழுப்பக் கைதட்டல். படகுக்காரர்கள் தட்டிக் கேட்கத் தயங்குகிறார்கள். நாளைக்கும் சவாரி வேண்டுமே. நாம்தான் பக்கத்துப் பயணியிடம் வாயைத் திறந்து சொல்ல வேண்டும்.

போக நினைப்பவர்கள் ஒருநாள் அவசரத்தைக் கைவிட்டு, டாங்மாலிலோ குப்தியிலோ உள்ள சூழல் முகாமில் ஓர் இரவாவது தங்குங்கள். அங்கே சமைப்பதும் வழிகாட்டுவதும் உள்ளூர்க்காரர்கள். முதலையோடு வாழும் சிரமத்துக்கு அவர்கள் கையில் சேரும் கூலி அது. மறுநாள் வற்ற நேரத்துக்குப் படகு சொல்லி வையுங்கள். பிளாஸ்டிக் பையைக் கரையிலேயே விட்டுவிடுங்கள். மே முதல் ஜூலை வரை முதலைகள் முட்டையிட்டுக் காக்கும் காலம் என்பதாலும், ஜனவரியில் கணக்கெடுப்பு நடக்கும் சில நாட்களிலும் பூங்கா மூடியிருக்கும். ரயில் டிக்கெட் போடும் முன் தேதியைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்.